இருநூறு என்ற கோடு

2004 ஏப்ரல் 1 அன்று தாம்பரம் அரசு நெஞ்சக நோய் மருத்துவமனையில் எச்.ஐ.வி. உள்ளவர்களுக்கு இலவசக் கூட்டு மருந்து கொடுக்கத் தொடங்கினார்கள். நாடு முழுவதும் முதல் கட்டத்தில் சேர்ந்த 8 அரசு மருத்துவமனைகளில் அதுவும் ஒன்று. மருந்து வந்துவிட்டதே தவிர, வந்து நின்ற எல்லோர் கைக்கும் அது போகவில்லை. ஒரு கன மில்லிமீட்டர் இரத்தத்தில் சிடி4 என்ற அடையாளம் தாங்கிய வெள்ளை அணுக்கள் 200க்குக் கீழே இருந்தால் மாத்திரை உண்டு. அதற்கு மேலே இருந்து, நோய் முற்றிய அறிகுறியும் இல்லையென்றால், சில மாதம் கழித்து மறுபடி வரச் சொன்னார்கள். 190 உள்ளவர் மாத்திரையோடு பஸ் ஏறினார். 230 உள்ளவர் தேதி குறித்த சீட்டோடு பஸ் ஏறினார்.

அடுத்து வந்த ஆண்டுகளில் அந்தக் கோடு மேலே மேலே நகர்ந்தது. 350 ஆயிற்று, பிறகு 500. 2017இல் கோட்டையே அழித்துவிட்டார்கள். இன்று தொற்று உறுதியான எவருக்கும் எண்ணிக்கை பார்க்காமல் மருந்து தொடங்கலாம். ஆனால் 13 ஆண்டுகள், தமிழ்நாட்டில் பல்லாயிரம் பேரின் அடுத்த ஆறு மாதத்தை ஓர் எண் தீர்மானித்தது. “சிடி4 எவ்வளவு?” என்பது ஏ.ஆர்.டி. எனப்படும் கூட்டு மருந்து மையத்தின் வராந்தாவில் பெயருக்கு முன்னால் கேட்கப்படும் கேள்வியாக இருந்தது. அந்த எண் எப்படிப் பிறந்தது, கோவில்பட்டி மாதிரியான கரிசல் ஊருக்கு அது எந்த வழியாக வந்து சேர்ந்தது, அதன் மீது நாம் ஏற்றிய சுமையை அதனால் தாங்க முடிந்ததா என்பதைப் பார்க்கலாம்.

முதலில் ஒரு சிக்கலைச் சொல்ல வேண்டும். சோதனைக்கூடத்தில் இரத்தத்தைக் கண்ணாடித் தகட்டில் தேய்த்து, லீஷ்மன் சாயம் பூசி, நுண்ணோக்கியில் பார்த்தால் வெள்ளை அணுக்களில் சில வகைகளைப் பிரித்துவிடலாம். உட்கரு துண்டு துண்டாக இருப்பது ஒன்று, குருணை நிறைந்தது ஒன்று, உருண்டைக் கரு உடலையே அடைத்துக்கொண்டிருக்கும் லிம்போசைட் ஒன்று. பிரிப்பது அத்தோடு நின்றுவிடும். லிம்போசைட்டுகளுக்குள் எதிர்ப்பொருளைச் சுரக்கும் பி அணு, மற்ற அணுக்களுக்கு உத்தரவு கொடுக்கும் உதவி டி அணு, தொற்றுக்குள்ளான அணுவைக் கொல்லும் டி அணு எல்லாம் உண்டு. வேலை வேறு வேறு, முகம் ஒன்றுதான். எவ்வளவு தேர்ந்த கண்ணாலும் இவற்றைப் பிரித்துச் சொல்ல முடியாது. வேறுபாடு அணுவின் மேல்தோலில், அங்கே நட்டு வைத்ததுபோல் நிற்கும் புரதங்களில் இருக்கிறது. உதவி அணுவின் மேல் சிடி4 என்ற புரதம் இருக்கும். கொல்லும் அணுவின் மேல் சிடி8 இருக்கும். எந்த நுண்ணோக்கியிலும் அந்தப் புரதம் தானாகத் தெரியாது. அதை மட்டும் தேடிப் பிடித்து ஒட்டிக்கொள்ளும் ஒரு பொருளும், ஒட்டியதை வெளிச்சம் போட்டுக் காட்டும் ஒரு சாயமும் வேண்டும்.

இந்த இரண்டையும் சேர்த்தவர் ஆல்பர்ட் கூன்ஸ் என்ற அமெரிக்க மருத்துவர். 1939 கோடையில் பெர்லினில் விடுமுறையில் இருந்தபோது அவருக்கு இந்த யோசனை தோன்றியது. கிருமி நுழைந்தால் உடல் எதிர்ப்பொருளை உண்டாக்குகிறது. அந்த எதிர்ப்பொருள் தன் இலக்கைத் தவிர வேறெதையும் தொடாது. அதன் மேல் ஒரு சாயத்தைக் கட்டிவிட்டால் இலக்கு எங்கே ஒளிந்திருக்கிறது என்று சாயமே சொல்லிவிடும். ஹார்வர்டுக்குத் திரும்பி, வேதியியலாளர்களோடு சேர்ந்து 1941இல் அதைச் செய்தும் காட்டினார். முதலில் கட்டிய சாயம் நீலமாக ஒளிர்ந்தது. உடல் திசுவும் தன்னியல்பில் நீலமாக ஒளிரக்கூடியது, இரண்டும் குழம்பின. அதனால் பச்சையாக ஒளிரும் ஃப்ளோரசீனுக்கு மாறினார். நீல ஒளியை விழுங்கிப் பச்சையைக் கக்கும் அந்தச் சாயத்தின் வழித்தோன்றல்தான் இன்றும் சோதனைக்கூடங்களில் அதிகம் புழங்குகிறது.

கூன்ஸின் முறையில் ஒரு குறை இருந்தது. ஒரு விலங்கின் உடலில் ஒரு பொருளைச் செலுத்தி எதிர்ப்பொருள் எடுத்தால் கிடைப்பது ஒன்றல்ல, நூற்றுக்கணக்கானவற்றின் கலவை. அடுத்த முறை இன்னொரு விலங்கில் எடுத்தால் கலவை மாறிவிடும். 1975இல் கேம்பிரிட்ஜில் ஜார்ஜ் கோலரும் சீசர் மில்ஸ்டைனும் எதிர்ப்பொருள் சுரக்கும் சுண்டெலி அணு ஒன்றையும் சாகாமல் பெருகும் புற்று அணு ஒன்றையும் இணைத்தார்கள். பிறந்த கலப்பு அணு ஒரே ஓர் எதிர்ப்பொருளை, அதே வடிவில், ஆண்டுக்கணக்கில் சுரந்தது. அதற்கு அவர்கள் காப்புரிமை வாங்கவில்லை. 1984இல் நோபல் பரிசு கிடைத்தது. காப்புரிமை வாங்காததை பிரிட்டனில் பெரிய இழப்பாகப் பேசினார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. யார் வேண்டுமானாலும் செய்து பார்க்கலாம் என்றிருந்ததால்தான் நாலைந்து ஆண்டுக்குள் மனித வெள்ளை அணுவின் தோலில் உள்ள பல புரதங்களுக்கும் எதிர்ப்பொருள்கள் குவிந்தன. அதில் ஒன்று 1979இல் வெளியான ஓகேடி4. உதவி டி அணுவை மட்டும் பிடிப்பது. ஆளாளுக்கு ஒரு பெயர் வைத்துக்கொண்டிருந்த குழப்பத்தைத் தீர்க்க 1982இல் பாரிஸில் கூடிப் புரதங்களுக்கு சிடி என்ற தலைப்பில் வரிசை எண் கொடுத்தார்கள். ஓகேடி4 பிடித்த புரதத்துக்கு சிடி4 என்று பெயராயிற்று.

எண்ணும் எந்திரத்தின் கதை தனி. ஸ்டான்ஃபோர்டில் லியோனார்ட் ஹெர்சன்பெர்க் ஒளிரும் அணுக்களை நுண்ணோக்கியில் கண்ணைக் கசக்கிக்கொண்டு எண்ணிச் சலித்துப்போய், இதை எந்திரத்துக்குக் கற்றுக்கொடுக்கலாமே என்று இறங்கினார். லாஸ் அலமோசில் மேக் ஃபுல்வைலர் 1965இல் செய்திருந்த அணுப் பிரிப்பானை அடிப்படையாக வைத்து, 1969இல் ஒளிரும் அணுக்களைப் பிரிக்கும் கருவியை அவருடைய குழு வெளியிட்டது; 1972இல் அதில் லேசரைப் பொருத்தியது. ஃப்ளோ சைட்டோமீட்டர் என்று நாம் சொல்வது அதன் குடும்பம். அது செய்யும் வேலையைக் கரிசல்காரருக்கு விளக்குவது கடினமில்லை. அறுப்பு முடிந்த காட்டில் கிடை போடும்போது பல வீட்டு ஆடுகள் கலந்து நிற்கும். தூரத்திலிருந்து பார்த்தால் எல்லாம் ஆடுதான். அவரவர் ஆட்டுக்கு அவரவர் சாயப்பொட்டு வைத்திருந்தால், பட்டியின் குறுகிய வாசல் வழியே ஒவ்வொன்றாக விட்டு, பொட்டின் நிறத்தைப் பார்த்து யாருக்கு எத்தனை என்று சொல்லிவிடலாம். எந்திரத்தில் வாசல் என்பது முடியளவு மெல்லிய நீரோட்டம். பார்க்கும் கண் லேசர். ஒரு விநாடியில் கடந்துபோகும் அணுக்கள் ஆயிரக்கணக்கில்.

இத்தனையும் ஏறக்குறைய ஒரே காலத்தில் கைகூடியது தற்செயல். 1981 ஜூனில் லாஸ் ஏஞ்சலீசில் மைக்கேல் காட்லீப் ஐந்து இளைஞர்களுக்கு வந்த விநோதமான நுரையீரல் தொற்றைப் பற்றி அறிவித்தார். அவர்களைப் போன்ற நோயாளிகளின் இரத்தத்தில் புதிதாய் வந்திருந்த எதிர்ப்பொருள்களைப் போட்டுப் பார்த்தபோது உதவி அணுக்கள் ஏறக்குறைய இல்லவே இல்லை. எச்.ஐ.வி. சில ஆண்டுகள் முன்பாக, ஓகேடி4 பிறக்காத காலத்தில் கவனத்துக்கு வந்திருந்தால், எந்த அணு காணாமல் போகிறது என்று சொல்லவே வழி இருந்திருக்காது. 1984இல் லண்டனிலும் பாரிஸிலும் இன்னொரு விஷயம் தெரியவந்தது. பலவகை எதிர்ப்பொருள்களை அணுவின் மேல் ஒட்டிவிட்டு வைரஸை விட்டுப் பார்த்தார்கள். சிடி4 மேல் ஒட்டியவை மட்டும் வைரஸை உள்ளே போக விடாமல் மறித்தன. அணுவை அடையாளம் காண நாம் பயன்படுத்திய அதே புரதத்தைத்தான் வைரஸும் வாசலாகப் பிடித்துக்கொண்டிருந்தது.

சென்னைக் கதைக்கு வருவோம். 1986இல் சென்னை மருத்துவக் கல்லூரியில் நுண்ணுயிரியல் பேராசிரியர் சுனிதி சாலமனும் அவருடைய மாணவி நிர்மலாவும் இரத்த மாதிரிகளைச் சேகரித்தார்கள். நிர்மலா பிரித்தெடுத்த இரத்தநீரைத் தன் வீட்டுக் குளிர்பதனப் பெட்டியில் வைத்துப் பாதுகாத்தார். பிறகு ஐஸ் போட்டு, ரயிலேறிக் காட்பாடி போய், வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியில் பரிசோதித்தார்கள். ஆறு மாதிரிகள் மஞ்சளாக மாறின. இந்தியாவில் எச்.ஐ.வி. இருக்கிறது என்பது அப்படித்தான் தெரியவந்தது. இந்தப் பரிசோதனைக்கும் சிடி4 எண்ணிக்கைக்கும் உள்ள வேறுபாட்டைப் படித்தவர்களும் குழப்பிக்கொள்கிறார்கள். எச்.ஐ.வி. பரிசோதனையில் தேடுவது நம் உடல் வைரஸுக்கு எதிராக உண்டாக்கிய எதிர்ப்பொருளை. சிடி4 பரிசோதனையில் எதிர்ப்பொருள் கருவிதான். சுண்டெலி அணுவில் விளைந்தது, சாயம் கட்டியது, வெளியிலிருந்து நாம் ஊற்றுவது. முன்னது தொற்று இருக்கிறதா இல்லையா என்று சொல்லும். பின்னது தொற்று எவ்வளவு தூரம் தின்றிருக்கிறது என்று சொல்லும்.

வேறுபாடு இன்னொன்றும் உண்டு, ஊர்ப்புறத்துக்கு அதுதான் பெரியது. நிர்மலா எடுத்துப்போன இரத்தநீர் ஐஸ் பெட்டியில் பத்திரமாக இருந்தது, ஏனென்றால் அதில் உயிருள்ள எதுவும் வேண்டியதில்லை. சிடி4 எண்ண உயிரணு முழுசாக வேண்டும். எடுத்த இரத்தத்தை ஃப்ரிட்ஜில் வைக்கக் கூடாது. வெயிலில் வாடவும் விடக் கூடாது. 20 முதல் 25 டிகிரி அறைச் சூட்டில், ஊதா மூடிக் குழாயில், பொதுவாக 48 மணி நேரத்துக்குள் எந்திரத்துக்குப் போய்ச் சேர வேண்டும். எந்திரம் இருந்ததோ மருத்துவக் கல்லூரி ஊர்களில். கரிசல் வட்டாரத்துக்கு அது திருநெல்வேலி, தூத்துக்குடி, மதுரை. கோவில்பட்டியிலிருந்து முதல் இரண்டுக்கும் 60 கிலோமீட்டருக்குள், மதுரைக்கு நூறு. வரைபடத்தில் இது ஒன்றும் தூரமில்லை. சித்திரையில் 38 டிகிரியைத் தாண்டும் வெயிலில், ஏ.சி. இல்லாத பஸ்ஸில், குழாய் போனாலும் சரி ஆளே போனாலும் சரி, தூரம்தான்.

அநேகமாக ஆளே போனார். கோவில்பட்டி போன்ற ஊரின் அரசு மருத்துவமனையில் நம்பிக்கை மையம் தொற்றைக் கண்டுபிடித்துவிடும். எண்ணிக்கைக்கும் மருந்துக்கும் ஏ.ஆர்.டி. மையத்துக்குப் போக வேண்டும். தீப்பெட்டி ஆபீசில் கட்டை அடுக்குபவருக்கும் பெட்டி ஒட்டுபவருக்கும் கூலி எண்ணிக்கைக்குத்தான். ஒரு நாள் போகவில்லையென்றால் ஒரு நாள் காசு இல்லை. புரட்டாசி விதைப்பு நேரத்தில் மானாவாரிக் காட்டை விட்டுவிட்டுப் போவது அதைவிடக் கடினம். இரத்தம் கொடுக்க ஒரு நாள், முடிவு வாங்க ஒரு நாள், எண் கோட்டுக்கு மேலே இருந்தால் ஆறு மாதம் கழித்து மறுபடி அதே இரண்டு நாள். வீட்டில் எங்கே போகிறாய் என்பதற்கு ஒவ்வொரு முறையும் ஒரு பதில் தயார் செய்தாக வேண்டும். தெரிந்த முகம் எதிர்ப்பட்டுவிடக் கூடாது என்று பக்கத்து மையத்தை விட்டுவிட்டு அடுத்த மாவட்டத்து மையத்துக்குப் போனவர்களும் உண்டு. ‘பின்தொடர்தலில் விடுபட்டோர்’ என்று பதிவேட்டில் ஒரு பத்தி உண்டு. மருந்து எடுக்கும் நிலைக்கு வருமுன்பே அந்தப் பத்திக்குப் போனவர்கள் நோயை அலட்சியம் செய்தவர்கள் என்று எழுதுவது எளிது. ஆறு மாதத்துக்கு ஒருமுறை “உனக்கு இன்னும் போதுமான அளவு நோய் முற்றவில்லை” என்று கேட்டுவிட்டு வருவதற்கு இரண்டு நாள் கூலியை விடச் சொன்னது நம் ஏற்பாடுதானே.

எந்திரத்தின் முன் அந்த இரத்தம் என்ன ஆகிறது என்பதைக் கொஞ்சம் நின்று பார்ப்போம். இந்தியத் திட்டத்தில் பயன்பட்ட எந்திரங்களில் ஒன்று பெக்டன் டிக்கின்சன் நிறுவனத்தின் ஃபேக்ஸ்கவுன்ட். மேசை மேல் வைக்கும் அளவு. அதற்கென வரும் சிறு குழாயில் இரண்டு எதிர்ப்பொருள்களும் ஒளிரும் நுண்மணிகளும் முன்கூட்டியே போட்டிருக்கும். ஆய்வக நுட்புநர் 50 மைக்ரோலிட்டர், அதாவது ஒரு துளி இரத்தத்தை அளந்து விட்டு, ஒரு மணி நேரத்துக்குக் குறையாமல் இருட்டில் வைப்பார். வெளிச்சம் பட்டால் சாயம் மங்கும். ஒரு எதிர்ப்பொருள் சிடி4க்கு, மற்றது சிடி3க்கு. இரண்டு எதற்கு என்றால், சிடி4 உதவி அணுவில் மட்டும் இல்லை. மோனோசைட் என்ற வேறொரு வெள்ளை அணுவின் மேலும் மெல்லிசாக உண்டு. சிடி3 டி அணுவில் மட்டுமே இருக்கும். இரண்டு நிறமும் ஒரே அணுவில் தெரிந்தால்தான் அது கணக்கில் சேரும். ஒரு மைக்ரோலிட்டரில் ஐம்பது லட்சம் சிவப்பணுக்கள் நெரிக்கும் கூட்டத்தில் இருநூறைத் தேடுவது இப்படித்தான் முடிகிறது.

நுண்மணி எதற்கு என்பதும் அழகான சங்கதி. எந்திரம் குழாயில் உள்ள முழுவதையும் உறிஞ்சாது. ஒரு பகுதியை மட்டும் பார்க்கும். எவ்வளவு பகுதி என்று தெரியாமல் எண்ணிக்கை சொல்ல முடியாது. குழாயில் 50,000 மணிகள் போட்டிருக்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். எந்திரம் 1,000 மணிகளைப் பார்த்த நேரத்தில் 200 சிடி4 அணுக்களைப் பார்த்தால், 50,000 மணிகளுக்கு 10,000 அணுக்கள். அவை 50 மைக்ரோலிட்டர் இரத்தத்தில் இருந்தவை. ஒரு மைக்ரோலிட்டருக்கு 200. சீட்டில் அச்சாகும் எண் இதுதான். மணி வருவதற்கு முன்பு, ஒரு எந்திரத்தில் விகிதத்தையும் இன்னொரு எந்திரத்தில் மொத்த வெள்ளை அணுக்களையும் பார்த்துப் பெருக்குவார்கள். இரண்டு எந்திரத்தின் பிழையும் ஒன்றின் மேல் ஒன்று ஏறிக்கொள்ளும். நுட்புநர் அளந்து விடும் துளி கொஞ்சம் கூடினாலும் குறைந்தாலும் மணிமுறையும் தவறும். அதனால் அளக்கும் பிப்பெட்டை அடிக்கடி சரிபார்ப்பார்கள். தேசிய அளவில் புனேயில் உள்ள ஆய்வு நிறுவனம் ஒரே மாதிரியான இரத்தத்தை மையங்களுக்கு அனுப்பி, எந்த மையம் என்ன எண் சொல்கிறது என்று ஒப்பிட்டுப் பார்க்கும் ஏற்பாட்டை நடத்திவந்தது.

ஒளிரும் சாயத்தில் ஃபைக்கோஎரித்ரின் என்று ஒன்று இந்த எந்திரங்களில் முக்கியமானது. 1982இல் ஓய், கிளேசர், ஸ்ட்ரையர் ஆகியோர் அதைச் சோதனைக்கூடத்துக்குக் கொண்டுவந்தார்கள். ஃப்ளோரசீனைவிடப் பல மடங்கு பிரகாசமாக ஆரஞ்சு நிறத்தில் ஒளிரும். ஆலையில் கூட்டிச் சேர்த்த ரசாயனமல்ல அது. சிவப்புப் பாசிகள் கடலுக்கடியில் மங்கிய வெளிச்சத்தைப் பிடிப்பதற்காக வைத்திருக்கும் புரதம். மன்னார் வளைகுடாவில் ராமநாதபுரம் பெண்கள் முங்கி எடுக்கும் மரிக்கொழுந்துப் பாசியும் கஞ்சிப் பாசியும் அந்தச் சிவப்புப் பாசி இனம்தான். அவை போவது அகர் எடுக்கும் ஆலைக்கு. இந்தப் புரதத்துக்காக அல்ல. கரிசலின் கிழக்கு விளிம்பில் கடலுக்கடியில் இதே ஒளி கோடிக்கணக்கில் வேலை செய்துகொண்டிருக்க, சாயம் கட்டிய எதிர்ப்பொருளை நாம் வெளிநாட்டிலிருந்து வாங்கிக்கொண்டிருக்கிறோம் என்பது என்னை உறுத்தும் ஒரு விஷயம்.

வாங்குவதில்தான் பணச் சிக்கலும் இருந்தது. 2001இல் சிப்லா நிறுவனம் மூன்று மருந்துக் கூட்டை ஒருவருக்கு ஆண்டுக்கு 350 டாலருக்குத் தருவதாகச் சொன்னபோது மருந்தின் விலை சரிந்தது. எண்ணும் செலவு அந்த வேகத்தில் சரியவில்லை. எந்திரம், அதன் பராமரிப்பு, அந்த எந்திரத்துக்கு மட்டுமே பொருந்தும் குழாய்கள் எல்லாம் ஒரே நிறுவனத்திடமிருந்து வர வேண்டும். இதற்கு மாற்று தேடியவர்கள் தமிழ்நாட்டில் இருந்தார்கள். வேலூர்க்காரர்கள் லேசரே வேண்டாத, நொதி நிறமாற்றத்தால் அளக்கும் முறை ஒன்றைக் கொண்டு ஆரோக்கியமான தென்னிந்தியர்களின் சிடி4 அளவை எண்ணி 2000இல் வெளியிட்டார்கள். சுனிதி சாலமன் 1993இல் சென்னையில் தொடங்கிய ஒய்.ஆர்.ஜி. கேர் அமைப்பின் ஆய்வகம், கையாலேயே எண்ணக்கூடிய மலிவான முறை ஒன்றைச் சோதித்து 2004இல் எழுதியது. இந்த முறைகள் நாடளாவிய திட்டத்துக்குள் பெரிதாக நுழையவில்லை. ஒரு நாளைக்கு எழுபது எண்பது பேருக்கு எண்ண வேண்டிய மையத்தில் கண்ணும் கையும் ஓய்ந்துவிடும் என்பது நியாயமான காரணம்தான். ஆனால் நாலு பேர் வரும் ஊருக்கும் எண்பது பேர் வரும் ஊருக்கும் ஒரே எந்திரம் என்று முடிவெடுத்ததில், நாலு பேர் வரும் ஊருக்கு எந்திரமே போகாது என்ற முடிவும் சேர்ந்தே எடுக்கப்பட்டுவிட்டது.

இனி, இந்தக் கட்டுரையை எழுதத் தூண்டிய கேள்விக்கு வருகிறேன். 200 என்று சீட்டில் வந்தால் உடலில் 200தான் இருக்கிறதா? ஆரோக்கியமான ஒருவருக்கு ஏறத்தாழ 500 முதல் 1,500 வரை இருக்கலாம் என்பதிலேயே அகலம் தெரிகிறது. அதே ஆளுக்குக் காலையில் குறைவாகவும் இரவில் கூடுதலாகவும் இருக்கும். சளிக்காய்ச்சல் வந்தால் இறங்கும். கர்ப்பத்தில் இறங்கும். காசநோய், எச்.ஐ.வி. இல்லாதவரிடமே, எண்ணிக்கையைக் கீழே தள்ளும். இதன் மேல் துளி அளப்பதில் வரும் பிழை, எந்திரத்தின் பிழை. உடல்நிலை மாறாதிருப்பவர்களைத் திரும்பத் திரும்ப அளந்த 1990களின் ஆய்வுகள், உண்மையில் 200 உள்ளவருக்குச் சீட்டில் ஏறத்தாழ 120 முதல் 330 வரை எந்த எண்ணும் வரலாம் என்று காட்டின. மருத்துவர்களுக்கு இது தெரியாததல்ல. அதனால்தான் ஒரு எண்ணை நம்பாதே, போக்கைப் பார் என்று பாடப்புத்தகங்கள் சொல்கின்றன. ஆனால் திட்டம் போக்கை வைத்து நடப்பதில்லை. அதற்குக் கோடு வேண்டும். மருந்து குறைவு, ஆள் அதிகம் என்ற நிலையில் முதலில் சாகக்கூடியவருக்கு முதலில் கொடு என்பது கொடூரமான விதியல்ல, நேர்மையான விதி. அதற்கு மாற்றாக இருந்தது சிபாரிசு மட்டுமே. என் குறை வேறு. பிழையோடு பிறக்கும் எண் என்று தெரிந்தும், கோட்டின் இருபுறமும் ஐம்பது அறுபதுக்குள் நின்றவர்களை ஒரு மாதத்தில் மறுபடி எண்ணிப் பார்க்கும் ஏற்பாட்டைப் பரவலாகச் செய்யாமல், ஆறு மாதம் என்ற காலண்டரையே எல்லோருக்கும் கொடுத்தோம். 230 வந்தவரில் சிலர் உண்மையில் 180. அவர்கள் திருநெல்வேலிக்கோ தூத்துக்குடிக்கோ போய்த் திரும்பியது எண்ணின் ஊசலாட்டத்தால்.

அந்த ஆறு மாதத்தில் என்ன நடக்கும் என்பதற்கும் தமிழ்நாட்டுச் சான்று இருக்கிறது. சென்னையில் 594 பேரைப் பின்தொடர்ந்து குமாரசாமியும் சக ஆய்வாளர்களும் 2003இல் வெளியிட்ட ஆய்வில், அவர்களைத் தாக்கிய பெருநோய்களில் முதலிடம் நுரையீரல் காசநோய்க்கு. 49 சதவீதம் பேருக்கு அது வந்திருந்தது. காசநோய் 200க்குக் கீழே இறங்கும் வரை காத்திருப்பதில்லை. மேலே இருக்கும்போதே வரும். அமெரிக்காவில் 200 என்ற கோட்டைப் போட வைத்த நுரையீரல் பூஞ்சைத் தொற்று இங்கே மிகச் சிறு பங்குதான். வேறொரு நாட்டின் நோய்க்கணக்கில் பிறந்த கோடு நம் நோய்க்கணக்குக்கு முழுதாகப் பொருந்தாமல்தான் இங்கே இருந்தது.

கோடு அழிந்ததில் சென்னைக்கும் பங்குண்டு. எச்.பி.டி.என். 052 என்ற ஆய்வில் 9 நாடுகளிலிருந்து 1,763 இணையர்கள் சேர்ந்தார்கள். இணையரில் ஒருவருக்குத் தொற்று, மற்றவருக்கு இல்லை. சென்னை ஒய்.ஆர்.ஜி. கேரும் புனேயும் அதன் இந்திய மையங்கள். சேர்த்துக்கொள்ளப்பட்டவர்களின் சிடி4 350க்கும் 550க்கும் இடையே. அன்றைய கோட்டின்படி பெரும்பாலோர் காத்திருக்க வேண்டியவர்கள். பாதிப் பேருக்கு உடனே மருந்து, மீதிப் பேருக்கு எண்ணிக்கை இறங்கியபின். 2011இல் இடையிலேயே முடிவை அறிவிக்க வேண்டியதாயிற்று: உடனே தொடங்கியவர்களிடமிருந்து துணைக்குப் பரவுவது 96 சதவீதம் குறைந்திருந்தது. 2015இல் 35 நாடுகளில் 4,685 பேரைக் கொண்டு நடந்த ஸ்டார்ட் ஆய்வு, 500க்கு மேல் உள்ளவருக்கும் உடனே தொடங்குவதே நல்லது என்று காட்டியது. அவ்வாண்டே உலக சுகாதார நிறுவனம் எல்லோருக்கும் மருந்து என்றது. இந்தியா 2017இல் ஏற்றது.

அது ஏட்டளவு மாற்றமல்ல என்பது அடுத்த ஆண்டே கரிசல் மண்ணில் தெரிந்தது. 2018 டிசம்பரில், கோவில்பட்டிக்கு வடக்கே அதே நெடுஞ்சாலையில் உள்ள சாத்தூர் அரசு மருத்துவமனையில் கர்ப்பிணி ஒருவருக்கு ஏற்றிய இரத்தத்தில் எச்.ஐ.வி. இருந்தது வெளிவந்தது. சிவகாசி இரத்த வங்கியிலிருந்து வந்த இரத்தம் அது. தமிழ்நாடே அதிர்ந்தது, உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்கு வழக்கு போயிற்று. இரத்த வங்கியில் என்ன தவறியது என்பதைப் பற்றி நிறைய எழுதிவிட்டார்கள். இங்கே நான் கவனிப்பது வேறு. புதிதாகத் தொற்று ஏறிய உடலில் சிடி4 எண்ணிக்கை பெரும்பாலும் நல்ல உயரத்தில்தான் இருக்கும். 2004இன் கோட்டை வைத்துப் பார்த்தால் அத்தகையவர் வாழ்நாள் மருந்துக்கு ஆண்டுக்கணக்கில் தகுதி பெறமாட்டார். பிரசவத்தை ஒட்டிக் குழந்தையைக் காக்கத் தருவதோடு நின்றிருக்கும். 2018இல் மருந்து தொடங்க எண் தேவைப்படவில்லை.

அப்படியானால் எண்ணுவதை விட்டுவிடலாமா? ஒருபகுதி விட்டாயிற்று. மருந்து வேலை செய்கிறதா என்று பார்க்க இப்போது வைரஸின் அளவையே நேரடியாக அளக்கிறார்கள். அது சரியான மாற்றம். எண்ணிக்கை ஏறி நிலைபெற்றவருக்குத் திரும்பத் திரும்பச் சிடி4 பார்ப்பது வீண். ஆனால் இந்த மாற்றத்தோடு எந்திரங்களே பழசாகி, பழுதானால் பழுதாகவே கிடக்கும் நிலை பல நாடுகளில் வந்துவிட்டது. நோய் முற்றிய பின் முதன்முறை வருபவர்கள் ஓய்ந்துவிடவில்லை. 200க்குக் கீழே உள்ளவரை ‘முற்றிய நிலை’ என்று உலக சுகாதார நிறுவனம் 2017இல் தனியாகப் பிரித்தது. அவருக்கு மாத்திரை மட்டும் போதாது. மூளையுறையைத் தாக்கும் கிரிப்டோகாக்கஸ் பூஞ்சை ஏற்கெனவே இரத்தத்தில் இருக்கிறதா, காசநோய் ஒளிந்திருக்கிறதா என்று அன்றே தேட வேண்டும். தேடாமல் மாத்திரை தொடங்கினால், மீண்டெழும் எதிர்ப்பாற்றல் அந்த ஒளிந்த நோயோடு மோதும்போதே ஆள் போய்விடக்கூடும். ஆளைப் பார்த்து இதைச் சொல்ல முடியாது. வெயிலில் காய்ந்து வேலை செய்யும் ஒல்லியான உடம்பில் 600ம் இருக்கும், 40ம் இருக்கும். கோட்டின் எந்தப் பக்கம் என்று தெரியாமல் மருத்துவர் இருட்டில் துழாவுகிறார்.

இதே எதிர்ப்பொருள்கள் பெரிய மருத்துவமனைகளில் வேறு வேலைகளில் செழித்துக்கொண்டிருக்கின்றன. இரத்தப்புற்று எந்த அணுவில் பிறந்தது என்று பிரிப்பதற்கு இன்று பல அடையாளங்களை ஒரே நேரத்தில் பார்க்கிறார்கள். எலும்பு மச்சை மாற்றுக்குச் சேகரித்த அணுக்களில் சிடி34 தாங்கியவை போதுமா என்று எண்ணிய பிறகே ஏற்றுகிறார்கள். மும்பையில் உருவாகி 2023இல் அனுமதி பெற்ற புற்றுநோய் அணுச்சிகிச்சை சிடி19 என்ற அடையாளத்தைக் குறிவைக்கிறது. எந்திரத்தில் நிறங்கள் கூடிக்கொண்டே போகின்றன. இரண்டே நிறம் போதுமான பழைய கேள்வி மட்டும் தாலுகா ஊரில் கேட்பாரற்று நிற்கிறது.

அதற்கென ஒரு பட்டைச் சோதனை வந்திருக்கிறது. எந்திரமும் லேசரும் வேண்டாம். விரல் நுனி இரத்தத்தைப் பட்டையில் விட்டு, முக்கால் மணி நேரத்துக்குள் இரண்டு கோடுகளை ஒப்பிட வேண்டும். ஒன்று 200 அணுக்களுக்கு உரிய அழுத்தத்தில் அச்சிட்டது, மற்றது நோயாளியுடையது. நோயாளியின் கோடு வெளிறியிருந்தால் முற்றிய நிலை. சரியான எண்ணைச் சொல்லாது. மேலா கீழா என்று மட்டும் சொல்லும். ஒளிரும் எதிர்ப்பொருளின் நுட்பம் இதில் இல்லை, ஊசலாட்டமும் குறையவில்லை. ஆனால் நம்பிக்கை மையத்தில் தொற்றைச் சொல்லும் அதே மேசையில், ஆள் எழுந்து போவதற்கு முன், அடுத்து என்ன தேட வேண்டும் என்று சொல்லிவிடும். இப்படிப்பட்ட பட்டைகளில் பலவற்றை 30 டிகிரிக்கு மேல் வைக்கக் கூடாது என்று உறையில் அச்சிட்டிருப்பார்கள். கோவில்பட்டியில் மாசி முடிந்தால் ஐப்பசி மழை வரை ஏ.சி. இல்லாத அறை எதிலும் பகல் வெப்பம் அதற்கு மேல்தான். பட்டையை வாங்குவதற்கு முன், அதை வைக்கும் அலமாரிக்குக் குளிர்ச்சி யார் தருவது என்று கேட்டுவிட வேண்டும்.